கேட்டுக்கொண்டு நின்ற நடிகர்

தமிழ் சினிமாவில் பெயருக்கு முன்னால் ஒரு பட்டம் ஒட்டிக்கொள்ளாத நடிகர்கள் குறைவு. வி. சி. கணேசனுக்குச் சிவாஜி என்ற பெயர் ஒரு நாடகத்தில் போட்ட வேஷத்தால் வந்தது. ராஜகோபாலுக்குக் 'குலதெய்வம்' என்பது ஒரு படத்தின் பெயரால் வந்தது. ஜானகிக்குச் 'சௌகார்' என்பது 1950-ல் வந்த தெலுங்குப் படத்தால் ஒட்டியது. சுந்தரராஜன் ராணுவத்தில் சேராமலே 'மேஜர்' ஆனார். இவையெல்லாம் ஜனங்களுக்கு அர்த்தம் தெரிந்த பட்டங்கள். இல்லாவிட்டாலும், கேட்டால் பக்கத்தில் இருப்பவர் சொல்லிவிடுவார்.

ஆனால் 'ஜாவர்' சீதாராமன்? எங்கள் சேத்தியாத்தோப்பில், கும்பகோணம் போகிற ரோடும் விருத்தாசலம் போகிற ரோடும் சந்திக்கும் இடத்தில் டீக்கடைப் பெஞ்சில் உட்கார்ந்து, 'ஜாவர் என்றால் என்ன?' என்று விசாரித்துப் பாருங்கள். ஒருவர் அது 'ஜவஹர்' என்பதன் திரிபு என்பார். இன்னொருவர் வடக்கே ஏதோ ஓர் ஊரின் பெயர் என்று சாதிப்பார். பூதமாக நடித்தவர்தானே என்று மூன்றாமவர் கேட்பார். அது ஒரு பிரெஞ்சு நாவலில் வரும் போலீஸ்காரனின் பெயர் என்று சொன்னால் மூவருமே உங்களைச் சந்தேகமாகப் பார்ப்பார்கள்.

உண்மை அதுதான். விக்டர் ஹ்யூகோ 1862-ல் வெளியிட்ட பெரிய நாவலைக் கவியோகி சுத்தானந்த பாரதியார் 'ஏழை படும் பாடு' என்ற பெயரில் தமிழாக்கினார். அதைத் தழுவி, கோயமுத்தூர் பட்சிராஜா ஸ்டுடியோவார், கே. ராம்நாத்தின் டைரக்‌ஷனில் 1950-ல் அதே பெயரில் ஒரு படம் எடுத்தார்கள். அதில் இன்ஸ்பெக்டராக வந்தவர் சீதாராமன். படம் வந்து போயிற்று. பாத்திரத்தின் பெயர் மனிதரோடு தங்கிவிட்டது. எழுத்தில் இருக்கும் கடைசி மெய்யை விழுங்கிவிட்டுச் சொல்வது பிரெஞ்சுக்காரர் வழக்கம். எங்கள் ஊரிலிருந்து இரண்டு மணி நேரத்தில் போய்விடக் கூடிய பாண்டிச்சேரியில் ஆசிரமவாசியாகப் பல வருஷம் இருந்தவர் பாரதியார். அந்த வழியாகத்தான் அந்தப் பெயர் வால் நறுக்கப்பட்டுத் தமிழுக்குள் வந்திருக்க வேண்டும்.

ஒரு நடிகன் ஒரு பாத்திரத்தின் பெயரை ஆயுள் முழுவதும் சுமப்பது அவனுக்கு லாபமா, நஷ்டமா? இந்தக் கேள்வியை வைத்துக்கொண்டு சீதாராமனுடைய சினிமா வாழ்க்கையைப் பார்க்கலாம் என்று நினைக்கிறேன். அவர் பெரிய நடிகர்களின் வரிசையில் வைத்துப் பேசப்படுகிறவர் அல்லர். அந்த வரிசையைப் பற்றி எழுத ஆள் நிறைய இருக்கிறார்கள். இரண்டாவது வரிசையில், மூன்றாவது வரிசையில் நின்றவர்களைப் பற்றி எழுதினால்தான் ஒரு சினிமா எப்படி நடந்தது என்பது தெரியும். கோபுரத்தைப் பார்க்கிறவன் தாங்குகிற கல்லைப் பார்ப்பதில்லை.

முதலில் அந்தப் பாத்திரத்தைப் பார்ப்போம். ஒரு ரொட்டித் துண்டைத் திருடியதற்காக ஐந்து வருஷம், தப்பி ஓட முயன்றதற்காகப் பதினாலு வருஷம், ஆகப் பத்தொன்பது வருஷம் சிறையில் கிடந்தவன் ஜான் வால்ஜான். வெளியே வந்தவன் ஒரு மகானின் கருணையால் திருந்தி மனிதனாகிறான். அவனை விடாமல் துரத்துகிறவன் ஜாவர். ஹ்யூகோவின் சாமர்த்தியம் என்னவென்றால், இந்த ஜாவரைக் கெட்டவனாக அவர் படைக்கவில்லை. லஞ்சம் வாங்காதவன், பொய் சொல்லாதவன், தனக்கென்று எதுவும் வேண்டாதவன். சிறையிலே பிறந்தவன் அவன், தகப்பன் கைதி. அந்தக் கறையைத் துடைக்க வேண்டும் என்றே சட்டத்தைக் கட்டிப் பிடித்துக்கொண்டவன். தன் உயிரைத் தான் துரத்திய திருடனே காப்பாற்றியபோது, அவனைப் பிடிப்பதும் பாவம், விடுவதும் பாவம் என்று தெரிந்து ஆற்றில் விழுந்து செத்துப்போகிறான். கருணை என்ற ஒன்று அவனுடைய சட்டப் புத்தகத்தில் இல்லை. அது எதிரே வந்து நின்றபோது அவனால் தாங்க முடியவில்லை.

இப்படிப்பட்ட ஒருவனைத் திரையில் கொண்டுவருவது எளிதல்ல. 1935-ல் வந்த ஹாலிவுட் படத்தில் சார்லஸ் லாட்டன் செய்தார். லாட்டனுடைய ஜாவர் உள்ளுக்குள் நோய் பிடித்தவன். உதட்டிலும் கன்னத்திலும் அந்த நோய் துடித்துக்கொண்டே இருக்கும். அதற்கு முந்திய வருஷம் பிரான்சில் ரேமோன் பெர்னார் எடுத்த படத்தில் ஷார்ல் வனேல் அதையே அமைதியாகச் செய்தார். நம்முடைய நிலைமை வேறு. 1950-ல் நம் படங்களில் கதாநாயகனுக்கு எதிரே நிற்பவன் என்றால் அவன் சிரிக்க வேண்டும். பி. எஸ். வீரப்பாவின் சிரிப்பு கொட்டகைக்கு வெளியே நிலக்கடலை விற்கிறவனுக்கும் கேட்க வேண்டும். கண்ணை உருட்டலாம், மீசையை முறுக்கலாம், சாட்டையைச் சொடுக்கலாம். இதில் எது ஜாவருக்குப் பொருந்தும்? எதுவும் பொருந்தாது. சிரிக்கிற ஜாவர் ஜாவர் அல்ல.

எதிரே திருடனாக நடித்தவரோ சித்தூர் வி. நாகையா. நாகையா நின்றாலே இரக்கம் சுரக்கும். அந்தக் குரலில் சாந்தமும் சங்கீதமும் இருந்தன. பாவம் செய்தவனாக அவர் வந்தாலும், இவர் செய்திருக்க மாட்டார் என்று சபை தீர்மானித்துவிடும். அத்தகையவருக்கு எதிரே ஒரு வில்லனை நிறுத்தினால் கதை தேவ-அசுர யுத்தமாகிவிடும், ஹ்யூகோ போய்விடுவார். அங்கே வேண்டியிருந்தது ஒரு கல். சீதாராமன் அந்தக் கல்லாக நின்றார். கனத்த சரீரம், அகன்ற முகம், அவசரமில்லாத நடை. கோபம் வந்தாலும் குரலை உயர்த்தாத ஒருவகைக் கண்டிப்பு. நாகையாவின் உருக்கம் அந்தக் கல்லில் மோதித்தான் ஒலிக்கிறது. பக்கத்தில் இன்னொரு உருக்கம் இருந்திருந்தால் அது கரைந்துபோயிருக்கும்.

இங்கே நான் சொல்ல வந்த முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன்.

நம் நடிகர்களில் பெரும்பாலோர் நாடகக் கம்பெனிகளிலிருந்து வந்தவர்கள். மைக் இல்லாத காலத்தில் கடைசி வரிசைக்கும் வசனம் போய்ச் சேர வேண்டும் என்று கற்றவர்கள். எனவே நடிப்பு என்றால் பேச்சு என்று ஆயிற்று. பராசக்தி 1952-ல் வந்த பிறகு அது இன்னும் உறுதிப்பட்டது. ஒரு ஸீனில் யார் அதிகம் பேசுகிறாரோ அவர் ஜெயித்தவர். எதிரே நிற்பவர் தமது முறை வரும் வரைக்கும் மூச்சைச் சேர்த்துக்கொண்டு காத்திருப்பவர். பழைய படங்களைக் கவனித்துப் பார்த்தால் இது தெரியும். ஒருவர் பேசும்போது மற்றவருடைய கண், 'இவர் எப்போது முடிப்பார்?' என்று கேட்டுக்கொண்டிருக்கும்.

சீதாராமன் கேட்பார். கேட்பது என்றால் காது கொடுப்பது மட்டுமல்ல. கேட்ட ஒவ்வொரு வாக்கியத்தையும் எங்கோ ஓரிடத்தில் எடுத்து வைத்துக்கொள்கிறார் என்று நமக்குத் தோன்றும். நம்புகிறாரா, இல்லையா என்று தெரியாது. அது தெரியாததுதான் எதிரே பேசுகிறவனைக் கலக்கும், நம்மையும் கலக்கும். பேச்சு நடிப்பில் தேர்ந்தவர் நம்மிடம் நூறு பேர். கேட்கிற நடிப்பில் தேர்ந்தவர்களை விரல் விட்டு எண்ணலாம். அவர்களில் ஒருவர் இவர் என்பது என் அபிப்பிராயம்.

இதற்குச் சாட்சி 1954-ல் ஏ.வி.எம். வெளியிட்ட 'அந்த நாள்'. வீணை எஸ். பாலசந்தர் கதையை உருவாக்கி டைரக்ட் செய்தார். வசனம் எழுதியவர் ஜாவர் சீதாராமன். பாட்டு இல்லை, நாட்டியம் இல்லை, சண்டை இல்லை. தமிழ்ப் படம் ஒன்று இந்த மூன்றும் இல்லாமல் வந்தது அன்றைக்கு எத்தனை பெரிய துணிச்சல் என்று இன்றைக்கு ஊகிப்பது கஷ்டம். ஜனங்கள் அன்று கொட்டகையை நிரப்பிவிடவில்லை. பிற்பாடுதான் அதன் பெருமை பேசப்பட்டது.

படம் ஆரம்பிக்கும்போதே கதாநாயகன் செத்துப்போகிறான். 1943 அக்டோபரில் சென்னைமேல் ஜப்பானியர் குண்டு போட்ட சமயம். ரேடியோ எஞ்சினியர் ராஜன், அதாவது சிவாஜி கணேசன், சுடப்பட்டுக் கிடக்கிறான். யார் சுட்டது? மனைவி, தம்பி, தம்பி மனைவி, பக்கத்து வீட்டுக்காரர், காதலி என்று ஐந்து பேர்மேல் சந்தேகம். ஒவ்வொருவரும் ஒரு கதை சொல்கிறார்கள். ஒவ்வொரு கதையிலும் ராஜன் ஒவ்வொரு மாதிரி இருக்கிறான். இந்த முறை ஜப்பானிய டைரக்டர் அகிரா குரோசாவாவின் 'ராஷோமோன்' படத்தினால் உலகம் முழுவதும் பேச்சாக இருந்த காலம் அது. சொல்லுகிறவர்கள் ஐந்து பேர். கேட்கிறவர் ஒருவர்: ஸி.ஐ.டி. அதிகாரி சிவானந்தம். அது சீதாராமன்.

இதை எழுதுகிறவன் கதை எழுதிப் பிழைக்கிறவன். ஆகையால் எனக்கு ஒரு விஷயம் ஆச்சரியமாகப் படுகிறது. வசனம் எழுதுகிறவரே நடிக்கவும் செய்கிறார் என்றால், நல்ல வசனத்தையெல்லாம் யாருக்கு வைத்துக்கொள்வார்? உலகத்தில் எந்த எழுத்தாளனும் தனக்குத்தான் வைத்துக்கொள்வான். சீதாராமன் அவற்றை மற்ற ஐந்து பேருக்கும் கொடுத்துவிட்டுத் தமக்குக் கேள்விகளை மட்டும் எடுத்துக்கொண்டார். தம்முடைய பலம் எது என்று தெரிந்தவர் செய்கிற காரியம் அது. ஐந்து கதைகளையும் ஒரே நூலில் கோத்திருப்பது அவருடைய முகம். அந்த முகம் ஒரு கதையை முன்கூட்டியே நம்பிவிட்டிருந்தால் மற்ற நான்கும் வீண்.

இன்னொன்றும் கவனிக்க வேண்டும். அந்தப் படத்தின் முடிச்சு அவிழும்போது, செத்தவன் நிரபராதி அல்ல, நாட்டைக் காட்டிக்கொடுத்தவன் என்று தெரிகிறது. அவனைத் தாக்கிய குண்டு அவனை நேசித்த மனைவியின் கையிலிருந்து வந்தது என்றும் தெரிகிறது. பண்டரிபாய் அந்தப் பாத்திரத்தை எவ்வளவு அடக்கமாகச் செய்தார் என்பது தனியாக எழுத வேண்டிய விஷயம். குற்றவாளியைக் கண்டுபிடித்த அதிகாரியின் எதிரே சட்டம் ஒரு பக்கமும் நியாயம் இன்னொரு பக்கமும் நிற்கின்றன. இது எங்கே பார்த்த இடம்? ஹ்யூகோவின் ஜாவர் ஆற்றங்கரையில் நின்ற இடமல்லவா? 1950-ல் அந்த வேஷத்தைப் போட்டவர்தான் 1954-ல் இந்தக் கதைக்கு வசனம் எழுதினார். கதை பாலசந்தருடையது; ஆனாலும் பாத்திரம் எழுத்துக்குள் வந்து சேர்ந்த வழியை இங்கே பார்க்க முடிகிறது. பட்டப் பெயர் வெறும் பட்டமாக நிற்கவில்லை. உள்ளே இறங்கி வேலை செய்திருக்கிறது.

மூன்றாவது, 1959-ல் வந்த 'வீரபாண்டிய கட்டபொம்மன்'. பி. ஆர். பந்துலுவின் படம், சக்தி கிருஷ்ணசாமியின் வசனம். எங்கள் பக்கத்து டூரிங் கொட்டகைகளில் அது எத்தனை முறை திரும்பத் திரும்ப வந்தது என்பதற்குக் கணக்கே இல்லை. மணலைக் குவித்து உட்கார்ந்து பார்த்த ஜனங்களுக்கு வசனம் முழுவதும் மனப்பாடம். படத்தில் சிவாஜி பேசுவதற்கு முன்னால் தரை டிக்கெட்டில் ஒருவன் பேசி முடித்துவிடுவான். அதிலே ஜாக்ஸன் துரையாக வந்த சி. ஆர். பார்த்திபனை எல்லோருக்கும் நினைவிருக்கிறது. வரி கேட்ட அந்த ஸீன் அப்படிப்பட்டது. கடைசியில் விசாரித்துத் தூக்குத் தண்டனை விதிக்கிற மேஜர் பானர்மன் யார் என்று கேட்டால் பலருக்கு வாயில் வராது. சீதாராமன்தான்.

அந்த விசாரணை ஸீனை ஒரு முறை வேறு விதமாகப் பாருங்கள். கட்டபொம்மனைப் பார்க்காமல் பானர்மனைப் பாருங்கள். எதிரே இடி முழங்குகிறது. இந்தியாவிலேயே பேச்சில் அதற்கு மிஞ்சின நடிகர் அன்றைக்கு இல்லை. 1960-ல் கெய்ரோவில் நடந்த ஆசிய-ஆப்பிரிக்கப் பட விழாவில் சிறந்த நடிகர் பரிசை வாங்கிக் கொடுத்த நடிப்பு அது. அதைக் கேட்டுக்கொண்டிருப்பவன் என்ன செய்வது? பயந்தால் வெள்ளைக்காரக் கம்பெனி கேலிக்கூத்தாகிவிடும். கூத்தடித்தால் கட்டபொம்மனின் சாவு மலிந்துவிடும். தீர்ப்பை முன்னாலேயே எழுதி வைத்துவிட்டவன், அதைப் படிக்க வேண்டிய நேரத்துக்காகச் சாவதானமாக இருக்கிறான். அவ்வளவுதான் அந்த முகத்தில். 1799 அக்டோபரில் கயத்தாறில் புளிய மரத்தடியில் நடந்தது அப்படித்தான் நடந்திருக்கும் என்று நம்மை நம்ப வைப்பது சிவாஜியின் குரலோடு இந்த முகமும் சேர்ந்துதான். இரும்பை அடிக்கச் சுத்தியல் மட்டும் போதாது. பட்டறைக் கல்லும் வேண்டும்.

இவ்வளவு சொன்ன பிறகு மறுபக்கத்தையும் சொல்லிவிட வேண்டும். அதைச் சொல்லாவிட்டால் இது விமர்சனமாகாது, உபசாரப் பத்திரமாகிவிடும்.

ஜாவர், சிவானந்தம், பானர்மன் மூன்று பேரும் ஒரே குடும்பத்தவர்கள். மூவரும் சட்டத்தின் ஆட்கள், மூவரும் விசாரிக்கிறவர்கள், மூவருக்கும் வீடு இல்லை, மனைவி இல்லை, பசி இல்லை. எஸ். வி. ரங்காராவை எடுத்துக்கொள்ளுங்கள். 1951-ல் பாதாள பைரவியில் மந்திரவாதி. 1955-ல் மிஸ்ஸியம்மாவில் பரம சாது ஜமீன்தார். 1957-ல் மாயா பஜாரில் கடோத்கஜன். எந்த வீட்டுக்குள் விட்டாலும் அந்த வீட்டு மனிதராகிவிடுவார். டி. எஸ். பாலையா ஒரே படத்தில் நம்மைப் பயமுறுத்தவும் சிரிக்க வைக்கவும் வல்லவர். எஸ். வி. சுப்பையா ஒரு துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு வந்தால் நம் சொந்தச் சித்தப்பா. சீதாராமனுக்கு இந்த விரிவு இல்லை. அவர் வேட்டி கட்டிக் குடும்பத் தலைவராக வந்தாலும் சற்று நேரத்தில் யாரையாவது கைது செய்துவிடுவாரோ என்று தோன்றும். கேட்பதற்கு எதுவும் இல்லாத ஸீன்களில் அவருடைய கண்டிப்பு வெறும் விறைப்பாக இருக்கும். குரலிலும் ஏற்ற இறக்கம் குறைவு. பட்டம் அவருக்கு முகவரி கொடுத்தது. அந்த முகவரியைத் தாண்டி வேறு தெருவுக்குப் போக விடவில்லை.

இதில் தப்பு முழுவதும் அவருடையதா? நம் படமுதலாளிகளுக்கு ஒரு வழக்கம் உண்டு. ஒரு மரத்தில் ஒரு தரம் மாங்காய் கிடைத்தால் பிறகு அந்த மரத்தடிக்கு மாங்காய் வேண்டும்போது மட்டுமே போவார்கள். போலீஸ் அதிகாரி வேண்டுமா? கூப்பிடு சீதாராமனை. அந்தக் கூப்பாடு வராத நாட்களில் அவர் என்ன செய்தார்? எழுதினார். நல்லவேளையாக அவருக்குப் பேனா இருந்தது. அது இல்லாத எத்தனையோ இரண்டாம் வரிசை நடிகர்கள் என்ன ஆனார்கள் என்பதை நாம் கேட்காமல் இருப்பதே மரியாதை.

அவர் எழுதியவற்றைப் பார்க்கலாம். 1960-ல் 'களத்தூர் கண்ணம்மா'. 1963-ல் 'ஆனந்த ஜோதி'. 1965-ல் 'குழந்தையும் தெய்வமும்'. 1968-ல் 'உயர்ந்த மனிதன்'. இவற்றோடு 'உடல் பொருள் ஆனந்தி', 'மின்னல் மழை மோகினி' என்ற மர்ம நாவல்களும். அந்த நாவல்களுக்காக வாரா வாரம் பத்திரிகைக்குக் காத்திருந்த வீடுகள் ஏராளம். இவருடைய பெயரை நாவலாசிரியராக மட்டும் அறிந்தவர்கள் இன்றும் இருக்கிறார்கள்.

இந்தப் பட்டியலில் ஒரு விசேஷம் இருக்கிறது. முதல் மூன்று படங்களிலும் குழந்தைகள்தான் உயிர்நாடி. களத்தூர் கண்ணம்மாவில் அநாதை விடுதியில் வளரும் பிள்ளையாகக் கமல்ஹாசன் முதல் முதலாகத் திரைக்கு வந்தார். ஆனந்த ஜோதியிலும் அந்தச் சிறுவன்தான். குழந்தையும் தெய்வமும் படத்தில் பிரிந்துபோன பெற்றோரைச் சேர்த்து வைக்கிற இரட்டைப் பெண்களாகக் குட்டி பத்மினி. ஹ்யூகோவின் கதையிலே திருடனை மனிதனாக்கி நிறுத்தி வைப்பது ஒரு திக்கற்ற பெண் குழந்தை. அந்தக் குழந்தையைக் கண்ணால் பார்த்தும் மனத்தால் பார்க்காதவன் ஜாவர். ஜாவராக நடித்தவருடைய பேனா, பிறகு வருஷக் கணக்கில் தாய் தகப்பனைத் தேடுகிற குழந்தைகளையே சுற்றி வந்தது. இதற்குத் தத்துவம் கற்பிக்க நான் விரும்பவில்லை. குழந்தைக் கதைக்கு அன்று மவுசு இருந்தது என்பதும் உண்மை. இருந்தாலும் இந்தப் பொருத்தம் என் மனத்தைவிட்டுப் போகவில்லை.

குழந்தையும் தெய்வமும் கதை எங்கிருந்து வந்தது என்பதும் சுவாரஸ்யமானது. 1961-ல் வந்த ஓர் ஆங்கிலப் படத்தைத் தழுவியது அது. அந்த ஆங்கிலப் படத்துக்கு மூலம், யுத்தம் முடிந்த ஜெர்மனியில் எரிக் கெஸ்ட்னர் 1949-ல் எழுதிய குழந்தைகள் நாவல். ஹிட்லர் ஆட்சியில் தம்முடைய புத்தகங்கள் நெருப்பில் எரிக்கப்பட்டதைப் பார்த்தவர் கெஸ்ட்னர். யுத்தத்தால் உடைந்துபோன குடும்பங்கள் நிறைந்த நாட்டில், பிரிந்த பெற்றோரைக் குழந்தைகள் சேர்த்து வைக்கிறதாக அவர் எழுதினார். 1950-ல் அது ஜெர்மன் மொழியிலேயே படமானபோது, கெஸ்ட்னரே திரைக்கதை எழுதி, கதை சொல்பவராக அதில் தோன்றவும் செய்தார். எழுதிவிட்டுத் தானும் திரையில் வந்து நின்றவர்கள் ஜெர்மனியிலும் இருந்திருக்கிறார்கள். அந்தக் கதை ஹாலிவுட் சுற்றி, கோடம்பாக்கம் வந்து, நம் ஊர் மாமியார்-மருமகன் சண்டையை அணிந்துகொண்டது. ஜி. வரலட்சுமியின் மாமியாரை ஜெர்மன்காரர் எவரும் அடையாளம் காண மாட்டார். நாம் உடனே கண்டுகொண்டோம். தழுவல் என்பது இதுதான். வெளியூர் விதையைக் கொண்டுவந்தால் மட்டும் போதாது. நம் வண்டலில் அது பிடிக்கிறதா என்று பார்க்க வேண்டும். வெள்ளாற்றுப் பாய்ச்சலில் விவசாயம் பார்க்கிற எங்கள் ஊர்க்காரர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை.

ஆனால் ஒரு குறையை மறைக்க முடியாது. உயர்ந்த மனிதன் வங்காளத்திலிருந்து வந்தது. பூதப் படம் இங்கிலீஷிலிருந்து வந்தது. 'அந்த நாள்' போன்ற இன்னொன்றுக்கு அவருடைய பேனா திரும்பவேயில்லை. கண்ணீருக்குச் சந்தை இருந்தது, கேள்விக்கு இல்லை. பாட்டில்லாத படத்துக்கு ஜனங்கள் தந்த வரவேற்பைப் பார்த்த எந்த எழுத்தாளனும் அடுத்த தடவை யோசிப்பான். அவரும் யோசித்திருப்பார். நாம் அவரைக் குற்றம் சொல்லும்போது நம்மையும் அந்தக் கூண்டில் ஏற்றிக்கொள்ள வேண்டும்.

கடைசியாக அந்தப் பூதம். 1967-ல் எம். வி. ராமன் டைரக்ட் செய்த 'பட்டணத்தில் பூதம்'. ஆயிரக்கணக்கான வருஷம் அடைபட்டுக் கிடந்து வெளியே வந்த பூதமாகச் சீதாராமன். பூதத்தை வைத்துக்கொண்டு திண்டாடுகிறவர்களாக ஜெய்சங்கரும் நாகேஷும். 1900-ல் ஆன்ஸ்டி என்ற ஆங்கிலேயர் எழுதிய கதையும் 1964-ல் வந்த ஹாலிவுட் படமும் அதற்கு மூலம். திரைக்கதை எழுதியவர் சீதாராமனேதான். ஆகவே அந்த வேஷம் அவர் தாமே தமக்குத் தைத்துக்கொண்ட சட்டை.

அதைப் பார்க்கும்போது என் மனம் நெகிழ்வது உண்டு. பதினேழு வருஷம் குற்றவாளிகளைத் துரத்தி, சாட்சிகளை விசாரித்து, தீர்ப்பு வாசித்த முகம் அது. ஒரு தடவையாவது வாய் விட்டுச் சிரிக்க வேண்டும் என்று அதற்கு ஆசை இராதா? ஜீபூம்பா சிரிக்கிறது. அந்தப் பெரிய சரீரம் முதல் தடவையாகச் சந்தோஷமாக அசைகிறது. முன்னே கேட்டுக்கொண்டு நின்றவர், இப்போதும் கேட்டுக்கொண்டுதான் நிற்கிறார். ஆனால் கேட்பது வாக்குமூலம் அல்ல, எஜமானின் விருப்பம். அதை நிறைவேற்றப் போய் எஜமானனைச் சங்கடத்தில் மாட்டிவைக்கிறது பூதம். சொன்னதைச் சொன்னபடி செய்கிற பிடிவாதம் ஜாவரிடம் இருந்ததுதான். ஜாவர் சட்டத்தின் எழுத்தைப் பிடித்துக்கொண்டு மனிதரை விட்டான். பூதம் எஜமானின் வார்த்தையைப் பிடித்துக்கொண்டு அவருடைய சங்கடத்தைக் கவனிக்காமல் விடுகிறது. முதலாவது நம்மை அழ வைக்கிறது; இரண்டாவது சிரிக்க வைக்கிறது. குடும்பம் ஒன்றேதான். ஆனால் அந்தக் குடும்பத்தைக் கேலி செய்யத் தெரிந்துகொண்டார் சீதாராமன். தம் பட்டப் பெயரின் சிறையிலிருந்து அவர் வெளியே வந்தது இந்தக் கேலியின் மூலம்தான்.

ஆகவே ஆரம்பத்தில் கேட்ட கேள்விக்கு என் பதில் இது: அந்தப் பெயர் நடிகருக்கு நஷ்டம், எழுத்தாளருக்கு லாபம். நடிகரை ஒரே உடுப்புக்குள் நிறுத்தி வைத்தது. எழுத்தாளருக்கு, சட்டமா கருணையா என்ற விடை இல்லாத ஒரு கேள்வியைக் கொடுத்தது. அந்தக் கேள்வியை அவர் ஒரு முறை, அந்த நாளில், முழு பலத்தோடு கேட்டார். ஒரு முறை, பூதத்தில், அதைப் பார்த்துச் சிரித்தார். நடுவில் உள்ளவற்றில் பாதியைக் காலம் எடுத்துக்கொண்டது, எடுத்துக்கொள்ளட்டும்.

நடிகர்களை எண்ணிக்கையால் அளக்கிறோம்; நூறாவது படம், நூற்றிருபத்தைந்தாவது படம் என்று விழாக் கொண்டாடுகிறோம். ஒருவருடைய நூற்றிருபத்தைந்தாவது படத்துக்கு வசனம் எழுதியவர், தாம் நடித்த படங்களின் எண்ணிக்கைக்கு மாலை வாங்கியதில்லை. 'அந்த நாள்' இனி எங்கேயாவது போட்டால், சுட்டது யார் என்று தேடாதீர்கள். அது உங்களுக்கு ஏற்கெனவே தெரியும். ஒருவர் மாற்றி ஒருவர் பேசிக்கொண்டே போகும்போது, பேசாமல் உட்கார்ந்திருக்கிற அந்தக் கனத்த மனிதரைப் பாருங்கள். அவர்கள் சொல்வதில் எது பொய் என்று அவர் முகத்திலிருந்து உங்களால் கண்டுபிடிக்க முடியாது. அத்தனை பெரிய நடிகர்கள் நடுவே அந்தப் படத்தைக் கடைசி வரைக்கும் நடத்திக்கொண்டு போவது அந்த முகம்தான்.